ஊழ்யாழ்: மரப்பெட்டிக்குள் ஒரு புறப்பாட்டு

நான் எழுதிவரும் கற்பனைக் கதையில் ஊழ்யாழ் என்றோர் இயந்திரம் வருகிறது. செய்யுளும் இசையும் சேர்ந்து அதற்குள் சென்றால், நடக்கவிருந்த போர் நின்றுவிடும். சில வேளைகளில், நிற்கவிருந்த போர் நடந்தும்விடும். எழுதும்போது எளிதாகத்தான் இருந்தது. "அப்பா, உள்ளே என்ன சுத்துது?" என்று மகள் கேட்டபோது விடை சொல்ல முடியாமல் விழித்தேன். அதனால் பெங்களூர் அல்சூர் வீட்டு மாடியில் அதன் மாதிரி ஒன்றைச் செய்யத் தொடங்கினேன். இது மூன்றாவது மாதம்.

கைப்பிடி சுற்றும் பெட்டியாகவே அது இருக்க வேண்டும் என்பதில் எனக்கு ஐயமே இல்லை. எஸ்.பி. ரோட்டில் திருகும் சுருள்வில்லும் வாங்கச் செல்லும்போதெல்லாம் கே.ஆர். மார்க்கெட் அருகே திப்புவின் கோடை அரண்மனையைக் கடந்து போகிறேன். கைப்பிடியைச் சுற்றினால் உறுமும், வயிற்றுக்குள் சிறு ஆர்கன் ஒன்றையும் வைத்திருக்கும் அவருடைய மரப்புலி, 1799இல் சீரங்கப்பட்டணம் வீழ்ந்தபோது ஆங்கிலேயர் கையில் சிக்கி, இன்று லண்டன் அருங்காட்சியகத்தில் நிற்கிறது. வரலாற்றைத் திருப்புவதற்கு மாறாக வரலாற்றால் தூக்கிச் செல்லப்பட்ட இசைப்பொறி அது என்று நினைத்துக்கொள்வேன்.

என் பெட்டிக்குள் இருப்பது, துளையிட்ட காகிதப் பட்டையை இழுத்து வாசிக்கும் 15 நாக்குகள் கொண்ட சிறு இசைப்பொறி. இரண்டு ஸ்தாயிகளிலும் சங்கராபரணத்தின் சுரங்கள் மட்டுமே அதில் உள்ளன. ரிஷபத்தை ஆதார ஷட்ஜமாகக் கொண்டால் கரகரப்பிரியா கிடைக்கிறது. ஆனால் கமகம், அதாவது சுரத்தை அசைத்துக் குழைப்பது, இல்லாத கரகரப்பிரியா, பாட்டு வகுப்பின் முதல் வாரத்தை நினைவூட்டுகிறது. அதோடு சமாதானம் செய்துகொண்டேன்.

பாட்டாகப் புறநானூற்றின் 45ஆம் பாடலை எடுத்துக்கொண்டேன். உறையூரை முற்றுகையிட்ட நலங்கிள்ளியையும் உள்ளே கதவடைத்துக் கிடந்த நெடுங்கிள்ளியையும் கோவூர்கிழார் பாடியது அது. உன்னை எதிர்ப்பவன் பனம்பூச் சூடிய சேரனும் அல்லன், வேப்பம்பூச் சூடிய பாண்டியனும் அல்லன், இருவரும் ஆத்தி சூடிய சோழரே, எவர் தோற்றாலும் தோற்பது உங்கள் குடி என்று அவர் சொல்கிறார். ஊழ்யாழுக்கு இதைவிடப் பொருத்தமான உணவு எனக்குத் தெரியவில்லை.

செய்யுளைத் துளையாக்கும் முறை இதுதான்: நேரசைக்கு (ஓரெழுத்து அசை) ஒரு துளை, நிரையசைக்கு (ஈரெழுத்து அசை; ஒற்றைக் கணக்கில் எடுப்பதில்லை) இரண்டு. நேர் நேர் என வரும் தேமாவுக்கு இரண்டு, நிரை நிரை என வரும் கருவிளத்துக்கு நான்கு. காகிதத்தின் மேல் படிந்திருக்கும் ஒரு மெல்லிய கம்பி, துளை வரும்போதெல்லாம் கீழே விழுந்து பல்சக்கரத்தை ஒரு பல் நகர்த்தும். உரிய இடத்தில் சக்கரம் நின்றால் முகப்பிலுள்ள உறையூர் அட்டை புரண்டு, போரின் முடிவை எழுதுவதற்கான பின்பக்கத்தைக் காட்டும். முதல் இரண்டு அடிகளுக்கு 24 துளைகள் வேண்டும். முதல் நாள் சக்கரம் 21 பற்களே நகர்ந்தது. நிரையசையின் இரட்டைத் துளைகள் நெருங்கி இருந்ததால் கம்பி அவற்றை ஒன்றாக எண்ணிவிட்டது. இடைவெளியை எட்டு மில்லிமீட்டராக்கி, அவென்யூ ரோட்டில் வாங்கிய கெட்டித் தாளுக்கு மாறிய பிறகே கணக்கு சரியாயிற்று.

அட்டையும் புரண்டது. மகிழ்ச்சி ஒருநாள் நீடித்தது. மறுநாள் மளிகைச் சீட்டு ஒன்றை அசை பிரித்து 24 துளைகளுக்குள் அடக்கி விட்டுப் பார்த்தேன்; துவரம்பருப்புக்கும் அதே மரியாதையோடு உறையூர் அட்டை புரண்டது. பெட்டியைச் செய்து தந்த தச்சர் சிரித்துவிட்டு, "எண்ணிக்கையைத்தானே பாக்குது சார், பாட்டை எங்க பாக்குது?" என்றார்.

அவர் கேட்டது ரோஷத்தைக் கிளப்பியது. ஆகவே தளையை, அதாவது ஒரு சீர் அடுத்த சீரோடு இணையும் முறையை, பார்க்கும் இரண்டாவது நெம்புகோலைப் பொருத்தினேன். இந்தப் பாடலின் பாவகையான ஆசிரியப்பாவுக்கு உரிய ஆசிரியத்தளையில் மா முன் நேரும் விளம் முன் நிரையும் வரும். அதாவது ஒரு சீர் முடியும் அசையும் அடுத்த சீர் தொடங்கும் அசையும் ஒரே வகையாக ஒன்றும். ஒன்றாவிட்டால் நெம்புகோல் சக்கரத்தைப் பூட்டிவிடும். மளிகைச் சீட்டு நான்காம் சீரிலேயே மாட்டிக்கொண்டது. பிறகு கோவூர்கிழாரை விட்டேன். அவர் இரண்டாம் சீரிலேயே மாட்டிக்கொண்டார்!

பொறியில்தான் பிழை என்று இரண்டு இரவுகளைக் கழித்த பிறகே தாளை எடுத்து அசை பிரித்து அலகிட்டேன். "இரும்பனை வெண்தோடு மலைந்தோ னல்லன்": கருவிளம், தேமாங்காய், புளிமா, தேமா. விளம் முன் நேர் வெண்டளை, காய் முன் நிரை கலித்தளை, மா முன் நேர் மட்டுமே ஆசிரியத்தளை. "கருஞ்சினை வேம்பின் தெரியலோ னல்லன்" என்ற இரண்டாம் அடியில் முழுக்க வெண்டளை. பிறதளைகள் விரவுவதை இலக்கணமே ஏற்கிறது. அதை மறந்தவன் நான். ஒரு மன்னனை நிறுத்தத் துணிந்த பாடலை, பள்ளி இலக்கண நூலின் முதல் விதியை மட்டும் படித்த என் நெம்புகோல் வாசலிலேயே நிறுத்தியிருக்கிறது.

தளை நெம்புகோலைக் கழற்றிவிட்டேன். அலகிட்டபோது கண்ணில் பட்டவை இரண்டு: இரு அடிகளும் சீரால் வேறுபட்டாலும் பன்னிரண்டு பன்னிரண்டு துளைகளே, இரண்டும் "அல்லன்" என்றே முடிகின்றன. இப்போது மூன்றாவதாக ஓர் இணைக்கம்பி இருக்கிறது. அடியின் கடைசி இரு துளைகள் முந்தைய அடியின் அதே நாக்குகளில் விழுந்தால்தான் அது சக்கரத்தை விடுவிக்கும். அந்த "அல்லன்... அல்லன்" என்ற இடிப்பில்தான் புலவரின் வாதமே இருக்கிறது என்பதால், எண்ணிக்கையைவிட இது நேர்மையான சோதனை என்று எனக்குப் படுகிறது. துவரம்பருப்பு இதுவரை தேறவில்லை.

மீதமிருந்தது அட்டையின் பின்பக்கம். அடுத்த பாடலான 46க்கு எழுதுவது எளிது: சோழன் கிள்ளிவளவன் சிற்றரசன் மலையமானின் மக்களை யானைக்கு இடும்போது புலவர் பாடி உய்யக் கொண்டது, அதாவது காப்பாற்றியது, என்று அதன் அடிக்குறிப்பே முடிவைச் சொல்லிவிடுகிறது. 45இன் குறிப்போ முற்றியிருந்தவனையும் அடைத்திருந்தவனையும் பாடியது என்பதோடு நின்றுவிடுகிறது. முற்றுகை விலகியது என்று நான் எழுதியிருந்ததை நேற்று அழித்துவிட்டேன். இப்போது கைப்பிடியைச் சுற்றினால் இரண்டு அடிகள் ஒலிக்கின்றன, இணைக்கம்பி விடுபடுகிறது, அட்டை புரண்டு வெள்ளைப் பக்கத்தைக் காட்டுகிறது.