பையன்களிடம் யார் பேசுவது?

பெரம்பூர்ப் பக்கம் ஒரு பள்ளியில் ஏழாம், எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு வளரிளம் பருவம் குறித்து வகுப்பெடுத்து வருகிறேன். பெண் வயதுக்கு வந்தால் தாய்மாமன் சீர், மஞ்சள் நீராட்டு, தெருமுனையில் ஃப்ளெக்ஸ் என்று ஊரைக் கூட்டும் நாம், அதே வீட்டில் குரல் உடைந்து மீசை அரும்பி நிற்கும் பையனிடம் ஒரு வார்த்தை பேசுவதில்லை. (பெண்ணுக்கும் விழாதான் கிடைக்கிறது, விளக்கம் கிடைப்பதில்லை என்பது வேறு விஷயம்.)

பெயர் எழுதாமல் கேள்வி போடுவதற்கு வகுப்பில் ஓர் அட்டைப்பெட்டி வைத்திருக்கிறேன். "தூக்கத்துல டிராயர் நனைஞ்சா உடம்பு வீணாப் போயிடுமா?" என்று கணக்கு நோட்டிலிருந்து கிழித்த தாளில் ஒருவன் கேட்டிருந்தான். இளமையில் செய்த தவறு என்று மிரட்டி மருந்து விற்கும் இரவு நேரத் தொலைக்காட்சி வைத்தியர்கள் விதைத்த பயம் இது. இத்தகைய விளம்பரங்களுக்கு எதிராக 1954-இலேயே சட்டம் வந்துவிட்டது என்பதை நம்பவே முடியவில்லை. விந்து உடலில் தொடர்ந்து உற்பத்தியாவது, தூக்கத்தில் அது வெளியேறுவது இயல்பு, அதனால் எந்தச் சத்தும் குறைவதில்லை என்று சொன்னதும் வகுப்பே மூச்சு விட்டது. பருவ வயதுப் பையன்கள் பலருக்கு ஹார்மோன் மாற்றத்தால் மார்புக் காம்பின் அடியில் கட்டிபோலத் தடித்து வலிக்கும். பெரும்பாலும் ஓரிரு ஆண்டுகளில் தானாகவே மறைந்துவிடும். இது தெரியாமல், சித்திரை வெயிலிலும் சட்டைக்குள் இரண்டு பனியன் போட்டு மறைத்துத் திரிந்த பிள்ளையைப் பார்த்திருக்கிறேன்.

பருவ மாற்றம் பெண்களுக்கு 8 முதல் 13 வயதுக்குள்ளும், ஆண்களுக்கு 9 முதல் 14 வயதுக்குள்ளும் தொடங்குகிறது. எட்டாம் வகுப்பு அறிவியல் புத்தகத்தில் இதற்கென்றே பாடம் இருந்தும், "வீட்டில் படித்துக்கொள்ளுங்கள்" என்று பக்கத்தைப் புரட்டிவிடும் ஆசிரியர்களும் இருக்கிறார்கள்.

உடல் குறித்த கேள்விகளைத் தனித்தனியாகப் பேசலாம். ஆனால் உறவு குறித்த வகுப்பில் இருபாலரும் சேர்ந்தே உட்கார வேண்டும் என்பதில் நான் பிடிவாதமாக இருக்கிறேன். "வேண்டாம்னு சொன்ன பொண்ணு பின்னாடியே போனா மனசு மாறிடும்தானே?" என்று ஒரு சீட்டு வந்தது, சினிமா பார்த்து வளர்ந்த பிள்ளை வேறெப்படிக் கேட்கும்? பின்தொடர்வது 2013 முதல் தனிக் குற்றம் என்று நான் விளக்கியபோது பையன்கள் வழக்கம்போலக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். "மனசெல்லாம் மாறாது, பயத்துல டியூஷன் போற வழியத்தான் மாத்துவோம்" என்று பின்வரிசைப் பெண் ஒருத்தி எழுந்து சொன்னபோதுதான் அவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.