வலதுகரை வாய்க்காலோரம் ஒரு வசதியான ஊர்

கிளிநொச்சியில் வேலை செய்கிற என் நண்பர்கள் சிலர், டவுனுக்குள்ளேயே வீடு கட்ட வசதி இருந்தும், வட்டக்கச்சிப் பக்கம் ஒரு வளவு விலைக்கு வருமா என்று விசாரித்துக்கொண்டே இருக்கிறார்கள். மோட்டார் சைக்கிளில் கால் மணித்தியாலத்தில் ஏ9 வீதிக்கு வந்துவிடலாம். கிணறு கோடையிலும் வற்றாது. பின்வளவில் தென்னையும் மாவும் நிற்கும், ஒழுங்கைக்கு அந்தப் பக்கம் வாய்க்கால் ஓடும். வன்னியில் இதைவிட வசதியான ஊர் எது, சொல்லு பார்ப்போம் என்பார்கள். அந்த ஊரை ஆறுதலாகச் சுற்றிப் பார்க்க மாசி மாதத்தைத் தெரிந்தெடுத்தேன். மாரிமழையை நம்பி விதைக்கிற காலபோக நெல்லின் வெட்டு முடிகிற நேரம். குளத்திலும் தண்ணீர் இருக்கும், வீடுகளிலும் நெல் இருக்கும்.

வவுனியாவிலிருந்து யாழ்ப்பாண பஸ் எடுத்தால் கிளிநொச்சிக்குச் சுமார் 75 கிலோமீற்றர். ஓமந்தை, புளியங்குளம், கனகராயன்குளம், மாங்குளம் கடந்து, எல்லா வாகனமும் நிற்கிற முறிகண்டியில் எங்கள் பஸ்ஸும் நின்றது. பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்து, ஒரு சரை கச்சானும் வாங்கிக்கொண்டு ஏறினால் அடுத்தது இரணைமடுச் சந்திதான். அங்கே நண்பர் மோட்டார் சைக்கிளோடு நின்றார். ஊரைப் பார்க்க முதல் குளத்தைப் பார்த்தால்தான் ஊர் விளங்கும் என்று சொல்லி, நேரே அணைக்கட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனார். அது சரியான யோசனை.

கனகராயன் ஆற்றை மறித்துக் கட்டிய இரணைமடுக் குளம் இது. ஹென்றி பார்க்கர் என்ற நீர்ப்பாசனப் பொறியியலாளர் 1885இல் திட்டம் போட்டார். 1902இல் வேலை தொடங்கி 1920 அளவில் முடிந்தது. அப்புறம் 1950களிலும் 1970களிலும் அணையைக் கட்டங்கட்டமாக உயர்த்தினார்கள். போருக்குப் பிறகு நடந்த பெரிய புனரமைப்போடு இப்போது 36 அடிக்குத் தண்ணீர் பிடிக்கலாம். அந்த வேலை முடிந்த கையோடு வந்ததுதான் 2018 மார்கழி வெள்ளம். வான்கதவுகளைத் திறந்துவிட, கீழே இருந்த பல ஊர்களுக்குள் தண்ணீர் புகுந்தது. அணைக்கட்டில் நின்று தெற்கே பார்த்தால் கண்ணுக்கெட்டிய தூரம் தண்ணீர். வடக்கே திரும்பினால் வயல். அந்த வயலுக்கு நடுவே ஆறு ஆனையிறவுப் பக்கக் கடல்நீரேரியை நோக்கிப் போகிறது. குளத்தின் இடதுகரை வாய்க்கால் உருத்திரபுரம் பக்கத்துக்கும், வலதுகரை வாய்க்கால் வட்டக்கச்சி, முரசுமோட்டைப் பக்கத்துக்கும் பாய்கிறது.

திரும்பி டவுனுக்கு வந்து, பன்னங்கண்டி வழியாக ஊருக்குள் போனோம். முதலில் கண்ணில் படுவது கேட்டுகள்தான். கிடுகு வேலியும் தகரப் படலையும் இருந்த இடமெல்லாம் இப்போது மதிலும், உருட்டித் திறக்கிற இரும்புக் கேட்டும். மேல்மாடி வீடுகள், கூரையில் சூரியத் தகடுகள், போர்ட்டிக்கோவில் கார். கனடாக் காசு, லண்டன் காசு, சுவிஸ் காசு என்று ஒவ்வொரு வீட்டுக்கும் நண்பர் விளக்கம் சொல்லிக்கொண்டே வந்தார். அவர் சொன்னது பொய்யல்ல. ஆனால் ஒவ்வொரு வளவுக்குள்ளும் வேறொரு கணக்கும் கிடந்தது. உழவு இயந்திரம், அதன் பெட்டி, இரும்புச் சில்லு, விறாந்தையில் கூரை முட்ட அடுக்கிய நெல்மூடைகள். வெளிநாட்டுக் காசு மதிலைக் கட்டியிருக்கலாம். அந்த விறாந்தையை நிரப்பியது வாய்க்கால்.

நாங்கள் தங்கியது நண்பரின் பெரியம்மா வீட்டில். எழுபது தாண்டிய அம்மா, இந்த ஊரிலேயே பிறந்தவர். 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திச் சட்டத்தின் கீழ், யாழ்ப்பாணக் குடாநாட்டில் வயல் இல்லாத குடும்பங்களுக்கு இந்தப் பக்கம் வயற்காணியும் மேட்டுக்காணியும் பேர்மிற்றில், அதாவது அரசு அனுமதிப்பத்திரத்தில், கொடுத்தார்கள். அப்படி 1950களில் வடமராட்சியிலிருந்து வந்தவர் அவருடைய தகப்பனார்.

“ஐயா வரேக்கை இஞ்சை பாலைமரமும் யானையும்தான் தம்பி. மலேரியாக் காய்ச்சலுக்குப் பயந்து கனபேர் திரும்பிப் போட்டினம். நிண்டு பிடிச்சவைக்குத்தான் இந்த வயல்.”

அந்தக் குடியேற்ற வீட்டின் ஒரு சுவர் மட்டும் பின்வளவில் இன்னும் நிற்கிறது. அதில் சாய்த்துத்தான் மண்வெட்டிகளும் மருந்தடிக்கிற மெசினும் வைத்திருக்கிறார்கள். முன்னால் இருக்கிற வீட்டின் நடுப்பகுதி இந்திய வீட்டுத்திட்டத்தில் கிடைத்த 550,000 ரூபாயில் எழுந்தது. அதற்கு முன்னும் பின்னும் பிள்ளைகள் அனுப்பிய காசில் அறைகள் கூடியிருக்கின்றன. கவனித்துப் பார்த்தால் எந்த அறை எப்போது வந்தது என்று நிலத்தின் நிறத்திலேயே தெரியும். நடுவில் சிவப்புச் சீமெந்து, இரண்டு பக்கமும் பளபளக்கிற டைல்ஸ்.

2009 ஜனவரி 2ஆம் திகதி இராணுவம் கிளிநொச்சியைப் பிடித்தது. அந்த மாதமே வட்டக்கச்சி உழவு இயந்திரப் பெட்டிகளில் ஏறிக் கிழக்கே போனது. தர்மபுரம், விசுவமடு, புதுக்குடியிருப்பு, முள்ளிவாய்க்கால், பிறகு செட்டிகுளம் இடம்பெயர்ந்தோர் முகாம். அம்மா அந்தப் பாதையைப் பற்றி அதிகம் பேசவில்லை, நானும் கேட்கவில்லை. கதிர் முற்றி நின்ற வயலை வெட்டாமல் விட்டுவிட்டு வந்ததை மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னார். தை மாதம் அல்லவா, இன்னும் கொஞ்ச நாள் கிடைத்திருந்தால் நெல்லாவது கையில் இருந்திருக்கும் என்றார். 2010இல் திரும்பி வந்தபோது வீட்டுக்குக் கூரை இல்லை, வாய்க்காலுக்குள் மரம் முளைத்திருந்தது. தறப்பாளுக்குக் கீழ் இருந்துகொண்டுதான் முதல் விதைப்பைச் செய்திருக்கிறார்கள். இன்றைக்கு இந்த ஊரைப் பணக்கார ஊர் என்று சொல்கிறவர்கள் அந்த முதல் விதைப்பையும் சேர்த்தே சொல்ல வேண்டும் என்று நினைக்கிறேன். இந்த வசதியை இந்தச் சனம் ஒரே காணியில் இரண்டு தரம் உண்டாக்கியிருக்கிறது.

பேர்மிற் காணியில் ஒரு சிக்கல் இருக்கிறது. விரும்பியபடி துண்டு போடவோ விற்கவோ முடியாது. தனக்குப் பிறகு காணி சேர வேண்டிய ஒருவரைப் பின்னுரித்தாளியாகப் பதிய வேண்டும். பதியாமல் ஆள் இறந்துபோனால் சட்டத்தின் அட்டவணைப்படி ஆண்பிள்ளைக்குத்தான் முன்னுரிமை இருந்தது. யாழ்ப்பாண வழக்கத்திலோ காணி பெண்பிள்ளைக்குச் சீதனமாகப் போகும். இந்த இரண்டுக்கும் இடையில் எத்தனை குடும்பங்கள் மனம் கசந்து நிற்கின்றன என்பது வன்னியில் வளர்ந்த எல்லோருக்கும் தெரியும். 2022இல் சட்டத்தைத் திருத்தி ஆண், பெண் என்ற வேற்றுமையை நீக்கினார்கள். நல்ல காரியம், எழுபது எண்பது வருடம் பிந்தி வந்த நல்ல காரியம். அம்மா வளவைத் தன் இளைய மகளின் பேரில் பதிந்து வைத்திருக்கிறார். அதைச் சொல்லும்போது அவர் குரலில் இருந்த நிம்மதியை நான் கவனித்தேன்.

அடுத்த நாள் காலையில் ஊர் வீதிகளில் பாதி அகலத்துக்கு நெல் காய்ந்துகொண்டிருந்தது. தறப்பாளை விரித்து, நெல்லைப் பரப்பி, வாகனம் ஏறாமல் இருக்க ஓரத்தில் கல்லும் தென்னை மட்டையும் வைத்திருந்தார்கள். ஒரு ஐயா வெறுங்காலால் நெல்லுக்குள் கோடு கிழித்துக் கிழித்து நடந்து, அடிநெல்லை மேலே புரட்டினார். பிறகு குனிந்து நாலைந்து மணியை எடுத்து முன்பல்லில் வைத்துக் கடித்தார். நசிந்தது. “இன்னும் ஒரு வெயில் வேணும்” என்று சொல்லிவிட்டுத் திரும்பவும் நடந்தார். காய்ந்த மணியென்றால் டக் என்று முறியுமாம். நெல் சந்தைப்படுத்தும் சபையில் முழு விலை கிடைக்க ஈரப்பதன் 14 வீதத்துக்கு மேல் போகக் கூடாது. வெட்டு மெசின் வந்த பிறகு ஒரே கிழமையில் ஊர் முழுவதும் வெட்டி முடிந்துவிடுகிறது, அவ்வளவு நெல்லையும் காயவைக்க இடம் எங்கே? அதனால் பலர் வயலிலேயே பச்சை நெல்லாக லொறிக்காரருக்குக் கொடுத்துவிடுகிறார்கள். லொறிக்காரர் சொல்வதுதான் விலை. அடுக்கி வைக்க விறாந்தையும், பொறுத்திருக்கக் கையில் காசும் உள்ளவருக்கு ஒரு விலை, கடனுக்கு உரம் எடுத்தவருக்கு இன்னொரு விலை. வசதியான ஊருக்குள்ளும் வித்தியாசம் இப்படித்தான் தொடங்குகிறது.

உரத்தைப் பற்றிப் பேச்செடுத்தால் 2021 வந்துவிடும். இரசாயன உரத்தை இறக்குமதி செய்யத் தடை போட்ட வருடம். மஞ்சளாய்ப் போன பயிரைப் பார்த்துக்கொண்டு நின்ற கதையை ஐயா சொல்லும்போது, பக்கத்தில் சைக்கிளில் வந்தவரும் இறங்கி நின்று தன் கதையைச் சேர்த்தார்.

இந்த ஊரில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் சிறுபோகப் பங்கீடு. காலபோகத்துக்கு மழை இருக்கிறது, குளமும் இருக்கிறது, எல்லோரும் விதைக்கலாம். கோடையில் செய்கிற சிறுபோகத்துக்குக் குளத்துத் தண்ணீர் மட்டும்தான். குளத்தில் எத்தனை அடி நிற்கிறது என்று பார்த்து, மாவட்டச் செயலகத்தில் அதிகாரிகளும் கமக்காரர் அமைப்புகளும் கூடி, இந்த முறை எத்தனை ஏக்கர் விதைக்கலாம் என்று முடிவு எடுப்பார்கள். முழு வயலுக்கும் தண்ணீர் போதாத வருடத்தில், குறித்த பகுதிகளில் மட்டும் விதைத்து, அந்த நிலத்தை மற்றப் பகுதிக்காரருக்கும் பங்கு பிரிப்பார்கள். அதாவது உங்கள் வயலில் இன்னொருவர் சிறுபோகம் செய்வார், இன்னொரு வருடம் நீங்கள் அவருடைய வயலில் செய்வீர்கள். சண்டை இல்லாமல் இது நடக்கிறதா என்றால், இல்லை. நீர்வரி, பங்கில் பெயர் விடுபட்டது, வாய்க்காலின் வாலில் இருக்கிற வயலுக்குத் தண்ணீர் வந்து சேராதது, களவாகத் துரிசு என்கிற மதகைத் திறந்தது என்று கூட்டங்களில் குரல் உயரும். ஆனாலும் தன் பேரில் இருக்கிற நிலத்தை ஒரு போகத்துக்கு மற்றவனுக்கு விட்டுக்கொடுக்கிற ஏற்பாட்டை, மதிலும் இரும்புக் கேட்டும் போட்ட இதே ஆட்கள் கொண்டு நடத்துகிறார்கள். இதைப் பார்த்த பிறகு அந்த மதில்கள் எனக்கு அவ்வளவு உயரமாகத் தெரியவில்லை.

யாழ்ப்பாணத்துக்குக் குடிநீர் கொண்டுபோகிற திட்டம் பற்றியும் கேட்டேன். இரணைமடுத் தண்ணீரைக் குழாயில் கொண்டுபோகத் திட்டமிட்டபோது இந்தப் பக்கக் கமக்காரர் கடுமையாக எதிர்த்தார்கள். கடைசியில் தாளையடியில் கடல்நீரைக் குடிநீராக்குகிற நிலையம் கட்டி, 2024இல் திறந்தார்கள். குடாநாட்டில் இதை வன்னிச் சனத்தின் சுயநலம் என்று பேசியவர்களை எனக்குத் தெரியும். சிறுபோகத்துக்கே பாதி வயல் தரிசாய்க் கிடக்கிற வருடங்களைப் பார்த்தவர்கள் அப்படிப் பேசமாட்டார்கள். குடிக்கத் தண்ணீர் கேட்டவர்களிலும் பிழை இல்லை. இந்த ஊரார் பயந்ததிலும் நியாயம் இருந்தது.

பின்னேரம் வாய்க்காலில் குளித்தோம். பாலத்திலிருந்து பொடியன்கள் குதித்துக்கொண்டிருந்தார்கள். கொஞ்சம் கீழே பெண்கள் குறுக்குக்கட்டோடு உடுப்புத் தோய்த்தார்கள். அதற்கும் கீழே ஒருவர் உழவு இயந்திரத்தின் சேற்றைக் கழுவினார். தண்ணீர் இழுக்கிற இழுவைக்குக் கால் ஊன்றி நிற்பதே கஷ்டம்.

திரும்பும் வழியில் பன்னங்கண்டியில் ஒரு தேநீர்க் கடையில் நின்றோம். வட்டக்கச்சிக்கும் டவுனுக்கும் நடுவில் இருக்கிற ஊர் இது. மலையகத்திலிருந்து இனக்கலவரங்களுக்குத் தப்பி வந்து, இந்த வயல்களில் கூலி வேலை செய்து, தனியார் காணிகளில் பல பத்து வருடமாகக் குடியிருக்கிற குடும்பங்கள் இங்கே நிறைய. வட்டக்கச்சிக்காரருக்கு அரசு பேர்மிற் எழுதிக் கொடுத்த மாதிரி இவர்களுக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. காணி உரிமை கேட்டு 2017இல் இங்கே மக்கள் வீதியோரம் தொடர் போராட்டம் நடத்தினார்கள். காணிக்குப் பத்திரம் இல்லையென்றால் வீட்டுத்திட்டமும் இல்லை என்பதுதான் அப்போது அவர்கள் சொன்ன பெரிய குறை.

கடையில் தேநீர் ஊற்றிய அக்கா முன்பு அரிவி வெட்டுக்கும் களை பிடுங்கவும் போனவர். “மெசின் வந்த பிறகு வெட்டு வேலை இல்லீங்க. களைக்கும் மருந்து அடிச்சிடுறாங்க” என்றார். காணி கிடைத்ததா என்று கேட்டேன். “எங்களுக்கு இன்னும் வரலைங்க” என்று சொல்லிவிட்டு, அடுத்தவருக்குத் தேநீர் ஆற்றத் தொடங்கினார். அவருடைய மகள் விடியப்புறம் பஸ் ஏறி அறிவியல்நகர் ஆடைத் தொழிற்சாலைக்குப் போய் வருகிறாள். சம்பளத்தில் மிச்சம் பிடித்து ஒரு சீட்டும் கட்டுகிறாளாம். இப்போது இருக்கிற இந்த வளவை மகளுக்கு எழுதிவிட வேண்டும் என்பது தாயின் ஆசை. அதற்கு முதலில் அது தாயின் பேரில் வர வேண்டும்.