கலோத்சவம், அப்பீல், ஒரு பென் டிரைவ்

மகள் பத்தாம் வகுப்பு படிக்கும்போது மாவட்டக் கலோத்சவத்தில், அதாவது கேரளப் பள்ளிகளின் கலைவிழாப் போட்டியில், பரதநாட்டியம் ஆடினாள். ஏ கிரேடு, ஆனால் இரண்டாம் இடம். வேலைக்காகக் கேரளம் வந்த எங்களுக்கு இதன் கனம் புரியவே சில வருடம் ஆனது. பள்ளி, உபஜில்லா (மாவட்டத்தின் உட்பிரிவு), மாவட்டம் என்று ஏறி வந்தாலும் மாநில மேடைக்குப் போவது மாவட்டத்தில் முதலிடம் வாங்கியவர்தான். மற்றவர்களுக்கு இருக்கும் ஒரே வழி அப்பீல்.

அவள் ஆடிய வர்ணம் என்ற உருப்படியின் நடுவில் பாட்டு நின்றுவிட்டது. நாலைந்து விநாடிதான், மறுபடி ஓடியது. அவள் நிற்காமல் ஆடி முடித்தாள். முடிவு வந்து ஒரு மணி நேரத்துக்குள் அப்பீல் கொடுத்தாக வேண்டும். மனைவி மகளின் மேக்கப்பைக் கலைத்துக்கொண்டிருக்க, நான் படிவத்தோடு ஓடினேன். மலையாளம் பேசிவிடுவேன், எழுத வராது. டீச்சர் ஒருவர் படிக்கட்டில் உட்கார்ந்து முழங்கால்மேல் வைத்து எழுதிக் கொடுத்தார்.

விசாரணையில் அப்பீல் கமிட்டி வீடியோவை ஓட்டிப் பார்த்தது, மகளிடம் இரண்டு கேள்வி கேட்டது. அப்பீல் நிராகரிப்பு. உத்தரவு இரண்டே வரி.

அங்கேயே விட்டிருக்கலாம். மாநிலத்தில் கிரேடு வாங்கினால் பத்தாம் வகுப்புக்குக் கிரேஸ் மார்க் உண்டு என்று வெளியில் காரணம் சொன்னேன். உள்ளுக்குள் உறுத்தியது உடைக்கும் நகைக்கும் பாட்டுப் பதிவுக்கும் கொட்டிய பணம்.

எர்ணாகுளத்தில் ஹைகோர்ட் வக்கீல் ஒருவரைப் பார்த்தோம். வீடியோ இருந்த பென் டிரைவை மேசையில் வைத்தேன். "பையிலயே வைங்க சார், ஜட்ஜ் டான்ஸ் பார்க்க மாட்டார்" என்றார். அரசு அமைப்பின் முடிவை எதிர்த்து ஹைகோர்ட்டில் போடும் ரிட் மனுவில் யார் நன்றாக ஆடினார்கள் என்ற கேள்வியே வராதாம். நடுவர்களின் நாற்காலியில் கோர்ட் உட்காராது. விதி மீறப்பட்டதா, நடுவருக்கு உள்நோக்கம் இருந்ததா, கமிட்டி காரணம் சொல்லாமல் தள்ளிவிட்டதா, இவ்வளவுதான் பார்க்கும். எங்கள் கையில் இருந்தது அந்த இரண்டு வரி உத்தரவு மட்டும். "அதுதான் நம்ம பிடி" என்றார்.

முன்பெல்லாம் முன்சிப் கோர்ட், லோக் ஆயுக்தா என்று எங்கெங்கோ உத்தரவு வாங்கி மேடை ஏறியிருக்கிறார்கள். 2018இல் திருச்சூர் மாநில விழாவில் குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகளே பிடிபட்டன. வக்கீல் இதைச் சொல்லும்போது எனக்கென்னவோ கூச்சமாக இருந்தது, நாங்களும் அந்த வரிசையில் நிற்பதுபோல.

மாநில விழா ஜனவரி முதல் வாரம், நடுவில் கோர்ட்டுக்குக் கிறிஸ்துமஸ் விடுமுறை. அதற்கு முன் மனு பட்டியலில் வர வேண்டுமே என்று ஒரு வாரம் தூக்கமில்லை. கோர்ட் வராண்டாவில் ஒப்பனைக் குழு ஒன்றின் அம்மாக்கள் நின்றிருந்தார்கள். ஒப்பனை என்றால் மேக்கப் இல்லை, கேரள முஸ்லிம்களின் மாப்பிளப் பாட்டுக்கு வட்டமாக நின்று ஆடுவது.

எங்கள் மனுவுக்குக் கிடைத்தது ஐந்து நிமிடம். ஸ்டேஜ் மேனேஜரின் அறிக்கையில் பாட்டு நின்றதாக ஒரு வார்த்தைகூட இல்லை என்றார் அரசு வக்கீல். நின்ற உடனே அவரிடம் சொன்னீர்களா என்று நீதிபதி கேட்டார். சொல்லவில்லை. அந்த நேரத்தில் யாருக்குத் தோன்றும்? பிள்ளையின் தோல்வியை ஏற்கப் பெற்றோர் பழக வேண்டும் என்று இதே கோர்ட் முன்பே சொன்னதையும் அரசு வக்கீல் நினைவுபடுத்தினார். சொந்தப் பொறுப்பில் ஆட இடைக்கால அனுமதியாவது கொடுங்கள் என்று எங்கள் வக்கீல் கேட்டுப் பார்த்தார். மனு தள்ளுபடி.

இதே வேலையில் இறங்கப் போகிறவர்களுக்கு ஒன்று: மைக்கோ பாட்டோ விளக்கோ கோளாறு என்றால் மேடையை விட்டு இறங்கியதும் ஸ்டேஜ் மேனேஜரிடம் எழுதிக் கொடுங்கள். மற்ற வாதமெல்லாம் அப்புறம்.

ஜனவரியில் மாநிலப் போட்டியை டிவியில் பார்த்தோம். எங்கள் மாவட்டத்து முதலிடப் பெண் ஆடி முடித்ததும் மகள் அந்தப் பென் டிரைவைக் கேட்டு வாங்கிச் செருகினாள். தன் ஆட்டத்தை ஓரிடத்தில் நிறுத்தினாள்.

"இங்கதான்பா தாளம் விட்டேன். பாட்டு நிக்கறதுக்கு முன்னாடியே."

நான் அந்த வீடியோவைக் குறைந்தது இருபது தடவை பார்த்திருப்பேன்.