வெளியூர் போன அப்பா

நவம்பர் 21
விடாத மழை. நாகர்கோவில் வடசேரி சந்தையில் சாளை மீன் வாங்கும்போது மீன்கார அக்கா முகத்தையே பார்த்தார். "ஒங்கள இப்ப டிவியில காணல்லியே?" வெளியூர் போயிருக்கேன் என்றேன். சீரியலில் என் மகள் சொல்லும் வசனம் அதுதான்: "அப்பா வெளியூர் போயிருக்காரு."

நவம்பர் 22
போன் வரவில்லை.

நவம்பர் 24
தூக்கம் இல்லை. அந்த ஸ்டில்தான் காரணம். கடைசி நாள் பேக்கப் ஆனதும் என்னை வெள்ளைச் சுவரோரம் நிறுத்தி, "சும்மா ஒரு ஸ்டில்லுண்ணே" என்று எடுத்தார்கள். நேராகப் பார்க்கச் சொன்னார்கள், லேசாகச் சிரிக்கவும் சொன்னார்கள். நான் செய்யும் அப்பா சிரிக்கவே மாட்டார். அவர் சிரிக்கிற படம் எதற்கு? மாலை போட்டுச் சுவரில் மாட்டிவிட்டால் அப்புறம் நடிக்க ஆள் வேண்டாம். நாங்கள் நாள் சம்பளக்காரர்கள். படத்துக்கு யார் சம்பளம் தருவார்கள்?

நவம்பர் 25
"மக்களே, அந்தத் தாடிய எடு, பாக்கவே சங்கடமா இருக்கு" என்கிறாள் அம்மா. சீரியலில் மறுபடி கூப்பிட்டால் அதே தாடியோடுதான் போய் நிற்க வேண்டும். இந்தக் கண்டினியூட்டியை அவளுக்கு எப்படிப் புரியவைப்பேன்.
அம்மாவுக்கு மாத்திரை இரவுக்கும் உண்டு. மறக்கக் கூடாது.

நவம்பர் 27
வில்லுப்பாட்டில் குடம் அடித்த காலம் நினைவுக்கு வந்தது. புலவர் ஒரு வரி சொல்வார், நாங்கள் "ஆமா" போடுவோம். அந்த ஆமா தளர்ந்தால் கதையே படுத்துவிடும். சினிமாவிலும் நான் செய்வது அந்த வேலைதான். அதில் எனக்கு இன்றும் பெருமை உண்டு.

நவம்பர் 29
கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் பிறந்த நாள். மணிமேடை சிலைப் பக்கம் போய் நின்றேன். ஒழுகினசேரியில் 1908-ல் பிறந்தவர், அவரும் வில்லுப்பாட்டு மனிதர். புகழின் உச்சியில் இருக்கும்போது 1944-ல் கைது. 1947-ல்தான் விடுதலை. வெளியே வந்து மறுபடி நடித்தார், ஜனங்களும் அவரை விட்டுவிடவில்லை. எவ்வளவு பெரிய நெஞ்சு அந்த மனுஷனுக்கு!
சிலையின் கழுத்தில் மாலையைப் பார்த்ததும் எனக்கு அந்த ஸ்டில்.

நவம்பர் 30
அம்மாவுக்குக் காய்ச்சல் இல்லை. கஞ்சி குடித்தாள்.

டிசம்பர் 1
மேனேஜர் போன் செய்தார். சீரியலுக்கு இல்லை, சினிமாவாம். மார்த்தாண்டம் பக்கம் சூட்டிங், நாலு நாள் கால்ஷீட், டீக்கடைக்காரர் வேடம். நம்ம ஊர்ப் பேச்சு பேசத் தெரிந்தவர்தான் வேண்டுமாம், டப்பிங்கும் நானே. சந்தோஷத்தில் கை நடுங்கியது. அப்புறம்தான் சொன்னார், தாடி கூடாதாம். நாளைக் காலைக்குள் பதில் வேண்டும்.
சீரியல் கோ-டைரக்டருக்கு போன் போட்டேன். எடுக்கவில்லை. மறுபடி போடுகிறேன்.