மாத்திரை வேலை செய்யவில்லை என்றுதான் நினைத்தேன்

இரவு இரண்டு மணிக்கு வாய் நிறையப் புளிப்புத் தண்ணீர் வந்து, இருமிக்கொண்டே எழுந்து உட்கார்ந்தேன். அதற்கு முன் ஒரு வருடம் எல்லாவற்றையும் 'கேஸ்' என்று சொல்லியே ஓட்டியிருந்தேன். நெஞ்செரிச்சல், குனிந்தால் தொண்டை வரை எதுக்களிப்பது, காலையில் கரகரத்த குரல். பையில் எப்போதும் ஒரு ஆன்டாசிட் பாட்டில். ஒரு வாய் குடித்தால் கொஞ்ச நேரம் அடங்கும், பிறகு பழையபடி ஆரம்பிக்கும்.

டாக்டர் முதலில் எடுக்கச் சொன்னது ஈசிஜி. எரிச்சலுக்கு எதற்கு இதெல்லாம் என்று எனக்கு எரிச்சல்! மாரடைப்பும் சிலருக்கு இப்படித்தான் வருமாம். வீட்டிலேயே 'கேஸ்தான்' என்று முடிவு கட்டுவதுதான் ஆபத்து என்றார். பிறகு வரிசையாகக் கேள்விகள். விழுங்கும்போது சிக்குகிறதா, எடை தானாகக் குறைகிறதா, வாந்தியில் ரத்தம் வந்ததா, மலம் கறுப்பாகப் போகிறதா. ஒன்று இருந்திருந்தாலும் உடனே எண்டோஸ்கோபிதான் என்றார், வாய் வழியாகக் கேமரா குழாய் விட்டு உள்ளே பார்ப்பது. எதுவும் இல்லாததால் அமிலச் சுரப்பைக் குறைக்கும் பான்டோபிரசோல் மாத்திரை, 40 மில்லிகிராம், தினம் ஒன்று, 8 வாரத்துக்கு.

மூன்று வாரம் போட்டேன். பெரிய மாற்றம் எதுவும் இல்லை. மருந்தையும் டாக்டரையும் மனதுக்குள் திட்டியபடி திரும்பப் போனேன்.

"எப்பப் போடுறீங்க?"

"ராத்திரி படுக்கப் போறப்ப. அப்பத்தானே சார் எரியுது."

அவர் சிரிக்கவில்லை, பேனாவை கீழே வைத்துவிட்டு விளக்கினார். இரைப்பைச் சுவரில் அமிலம் சுரக்கும் செல்கள் இருக்கின்றன. அவற்றில் அமிலத்தை வெளியே தள்ளும் சின்னச் சின்ன பம்ப்கள். ஓடிக்கொண்டிருக்கும் பம்ப்பைத்தான் இந்த மருந்தால் பூட்ட முடியும், தூங்கும் பம்ப்பை ஒன்றும் செய்யாது. சாப்பாடு உள்ளே போனால்தான் பம்ப்கள் மொத்தமாக விழிக்கும். மருந்தோ ரத்தத்தில் சில மணி நேரம்தான் தங்கும். அதனால் காலைச் சாப்பாட்டுக்கு 30 முதல் 60 நிமிடம் முன்பு வெறும் வயிற்றில் போட வேண்டும். ஒரே நாளில் எல்லா பம்ப்பும் சிக்காது, முழுப் பலன் தெரிய சில நாள் ஆகும். எரியும்போது போட்டால் உடனே அடக்கிவிடுகிற மருந்து இல்லை இது. மருந்துச் சீட்டில் 'சாப்பாட்டுக்கு முன்' என்று எழுதித்தான் இருந்தது. நான்தான் அதை இரவுச் சாப்பாட்டுக்குப் பின் ஆக்கிக்கொண்டேன்.

நேரத்தை மாற்றிய ஐந்தாறு நாளில் பகல் எரிச்சல் போய்விட்டது. இரவு மட்டும் மிச்சம் இருந்தது.

அமிலம் அதிகமாகச் சுரப்பதுதான் என் வியாதி என்று அதுவரை நினைத்திருந்தேன். பெரும்பாலானவர்களுக்கு அளவு சரியாகத்தான் இருக்குமாம், அது இருக்கும் இடம்தான் தப்பு. உணவுக்குழாயும் இரைப்பையும் சேரும் இடத்தில் வளையம் போல ஒரு தசை இருக்கிறது. வயிறு முட்டச் சாப்பிட்டால் அது அடிக்கடி தானாகத் தளரும். நிமிர்ந்து உட்கார்ந்திருந்தால் மேலே வந்தது இறங்கிவிடும், படுத்திருந்தால் அங்கேயே நிற்கும். இரைப்பைக்கு இருக்கும் சளிக் கவசம் உணவுக்குழாய்க்கு இல்லை.

நான் மூன்று தலையணை வைத்துப் படுத்துப் பார்த்தவன். இடுப்பில் மடங்கி வயிறு இன்னும் அழுந்தியதுதான் மிச்சம். கட்டிலின் தலைமாட்டுக் கால்களுக்கு அடியில் 6 அங்குலக் கட்டை வைத்த பிறகுதான் பலன் தெரிந்தது. முதல் வாரம் முழுக்க இரவில் கீழே சறுக்கிக்கொண்டே இருந்தேன். கப்பலில் படுத்த மாதிரி இருக்கிறது என்று மனைவி புலம்பினாள். இடப்பக்கம் சாய்ந்து படுத்தால் இரைப்பை கீழே போய், குழாய் சேரும் வாய் மேலே நிற்கும். வலப்பக்கம் படுத்தால் தலைகீழ். சாப்பாட்டுக்கும் படுக்கைக்கும் நடுவே 3 மணி நேரம் விடுவதுதான் எனக்குக் கஷ்டமாக இருந்தது. இன்றைக்கும் வாரத்தில் ஒரு நாளாவது தவறும்.

சாப்பாட்டு விஷயத்தில் ஒரு முட்டாள்தனம் செய்தேன். காபி, சாக்லேட், தக்காளி, எண்ணெய்ப் பண்டம், காரம் என்று எல்லாவற்றையும் ஒரே நாளில் நிறுத்தினேன். எது ஒத்துக்கொள்ளவில்லை என்பது கடைசி வரை தெரியவில்லை. பிறகு எல்லாவற்றையும் திரும்ப ஆரம்பித்து, எரியும்போதெல்லாம் அதற்கு முன் என்ன சாப்பிட்டேன் என்று இரண்டு வாரம் எழுதிவைத்தேன். காபி என்னை ஒன்றும் செய்யவில்லை. வாய்ப் புளிப்பு போகட்டும் என்று நாள் முழுக்கச் சப்பிய புதினா மிட்டாய்தான் மாட்டியது. புதினா அந்தத் தசையைத் தளர்த்தக்கூடியதாம்.

எட்டு வாரம் முடிந்ததும் மாத்திரையை நிறுத்தினேன். நான்காம் நாள் நெருப்பு. வியாதி முற்றிவிட்டது என்று பயந்தே போனேன். அமிலத்தை வாரக்கணக்கில் அடக்கி வைத்தால் உடம்பு அதற்கு எதிராகத் தூண்டலைக் கூட்டும், நிறுத்தியதும் சிலருக்குக் கொஞ்ச நாள் அளவுக்கு மீறிச் சுரக்கும் என்று பிறகு கேட்டுத் தெரிந்துகொண்டேன். அப்போதுதான் எண்டோஸ்கோபியும் செய்தார்கள். மாத்திரை போட்டுக்கொண்டே செய்தால் புண் ஆறி ஒன்றும் தெரியாமல் போகலாம் என்பதால், முன்னதாக இரண்டு வாரம் ஆன்டாசிட்டை வைத்தே தள்ள வேண்டியிருந்தது. அந்த இரண்டு வாரத்தை எதிரிக்கும் வேண்டமாட்டேன். முடிவு 'நார்மல்'. சந்தோஷப்படுவதற்குப் பதில் கோபம் வந்தது, இவ்வளவு எரிந்ததும் பொய்யா என்று. எதுக்களிப்பு உள்ள பலருக்குப் புண்ணே இருக்காது என்றார் டாக்டர். சந்தேகம் தீராவிட்டால் உணவுக்குழாயில் மெல்லிய குழாய் வைத்து 24 மணி நேரம் அமிலத்தை அளக்கும் சோதனை இருக்கிறது. எனக்கு அது தேவைப்படவில்லை.

மறுபடி மாத்திரை தொடங்கி, இந்த முறை அவர் சொன்னபடி பாதி அளவு, பிறகு ஒருநாள் விட்டு ஒருநாள் என்று இறக்கினேன். நடுவில் எரிந்த நாட்களில் சாப்பாட்டுக்குப் பின் ஆல்ஜினேட் திரவம். வயிற்றில் இருப்பதன் மேல் நுரை மாதிரி மிதந்து மூடி போடுகிற மருந்து. ஐந்து கிலோ குறைத்ததும் உதவியிருக்கும், எவ்வளவு என்று சொல்லத் தெரியாது.

தினசரி மாத்திரையை விட்டு ஏழு மாதம் ஆகிறது. கட்டைகள் அப்படியே இருக்கின்றன. போன மாதம் வெளியூரில் தட்டையான கட்டிலில் இரண்டு இரவு படுத்தேன். இரண்டாம் இரவு ஒரு மணிக்கே எழுந்து உட்கார்ந்துவிட்டேன்.