அரை மணி நேரத்தில் பன்றிக்கறி பரங்கிக்காய் வறுவல்: செய்து பார்த்ததில் தேறியவை

பன்றிக்கறியையும் பரங்கிக்காயையும் ஒரே நேரத்தில் வாணலியில் போட்டால் இரண்டுமே கெடும். கறிக்கு வேண்டியது நல்ல காய்ச்சலும், ஈரமில்லாத சட்டியும், சொற்ப நேரமும். காய்க்கோ நிதானமான தீயும் மூடிக்குள் சுற்றும் ஆவியும் வேண்டும். அதனால் இரண்டையும் தனித்தனியே வேகவிட்டு, கடைசி ஒரு நிமிடம் மட்டும் சேர்க்கிறோம். மாற்றிப் பார்த்த மற்ற எல்லாம் இதற்குப் பிறகுதான்.

மூன்று பேருக்கு: எலும்பில்லாத கறி 400 கிராம், தோலும் விதையும் நீக்கிய பரங்கிக்காய் 500 கிராம், சின்ன வெங்காயம் பதினைந்து, பூண்டு ஆறு பல், இஞ்சி ஒரு அங்குலத் துண்டு, காய்ந்த மிளகாய் மூன்று, சோம்பு ஒரு டீஸ்பூன், கொரகொரப்பாக இடித்த மிளகு ஒன்றரை டீஸ்பூன், எண்ணெய் இரண்டு டேபிள்ஸ்பூன், அரை எலுமிச்சம்பழம். உப்பு கறிக்கு முக்கால் டீஸ்பூன், காய்க்கு அரை டீஸ்பூன். இரண்டு உப்பையும் ஒன்றாகக் கொட்டிவிட வேண்டாம். காய் இழுத்துக்கொண்டு கறி சப்பென்று நிற்கும்.

கறி எந்தப் பகுதி என்பதில் பாதி வேலை முடிந்துவிடும். முதுகையொட்டிய கொழுப்புக் குறைந்த கறிதான் இந்த அவசர சமையலுக்கு ஏற்றது. தோள்பட்டைக் கறியில் ருசி அதிகம், ஆனால் அதிலுள்ள சவ்வு கரைந்து மெத்தென்று ஆக நீண்ட நேரச் சூடு வேண்டும். அரை மணி நேரத்தில் ரப்பராகத்தான் இருக்கும். அதுதான் கையில் இருக்கிறதென்றால், பெரிய துண்டுகளாகக் குக்கரில் இருபது நிமிடம் வேகவைத்து, தண்ணீர் வற்றியபின் அதன் கொழுப்பிலேயே வறுக்கலாம். நன்றாகவே வரும், நேரம்தான் கூடும். தொடைக்கறி இரண்டுக்கும் நடுவே. 400 கிராமுக்கு அரை டீஸ்பூன் சமையல் சோடாவை இரண்டு ஸ்பூன் தண்ணீரில் கரைத்துப் பிசறி, கால் மணி நேரம் வைத்து, அலசித் துடைத்தால் தொடைக்கறியும் மிருதுவாகிறது. சோடா கூடினால் சோப்பு வாடை வந்துவிடும், அளவைத் தாண்டாதீர்கள்.

வெட்டும் முன் கறியை இருபது நிமிடம் ஃப்ரீஸரில் வைத்தால் கத்திக்கு அடங்கும். இழை ஓடும் திசையைப் பார்த்து, அதற்குக் குறுக்கே அரை சென்டிமீட்டர் தடிமனில் வெட்ட வேண்டும். அதைவிட மெலிந்தால் சிவப்பதற்குள் உள்ளே காய்ந்துவிடுகிறது. ஒரு சென்டிமீட்டர் என்றால் வெளியே கருகும்போதும் உள்ளே பச்சையாக இருக்கிறது. வெட்டியதை ஒற்றியெடுத்து நன்றாக உலர்த்துங்கள். மேலே ஈரம் இருக்கும்வரை அந்த இடத்தின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. கறி சிவந்து மணம் வருவது அதற்கு வெகு மேலே, 140 டிகிரி வாக்கில்தான்.

பரங்கிக்காய் முற்றியதாக இருக்க வேண்டும். நகத்தால் அழுத்தினால் தோலில் தடம் விழக்கூடாது, காம்பு காய்ந்திருக்க வேண்டும், உள்ளே அடர்ந்த ஆரஞ்சு நிறம். இளங்காயில் தண்ணீர் மிகுதி, வறுவலுக்கு நிற்காது. நடுவிலுள்ள நாரை ஸ்பூனால் மிச்சமில்லாமல் சுரண்டிவிடுங்கள், அதுதான் முதலில் குழைந்து மற்ற துண்டுகள்மேல் பசைபோல் ஒட்டுகிறது. இரண்டு சென்டிமீட்டர் சதுரங்களாக, எல்லாம் ஒரே அளவில் வெட்டுவது முக்கியம்.

இனி அடுப்பு. அகலமான இரும்பு வாணலியை மூன்று நிமிடம் வெறுமனே காயவிட்டு ஒரு ஸ்பூன் எண்ணெய் விடுங்கள். நான்ஸ்டிக் சட்டியை இப்படி வெறுமையாகக் காய்ச்சக்கூடாது. உப்புப் பிசறிய கறியில் பாதியை மட்டும் ஒன்றையொன்று தொடாமல் பரப்பி, ஒன்றரை நிமிடம் கரண்டியால் தொடவே தொடாதீர்கள். இந்த இடத்தில் காதைக் கொடுத்துக் கேட்க வேண்டும். சடசடவென்ற சத்தம் அப்படியே இருந்தால் கறி வறுபடுகிறது. சத்தம் அடங்கிப் புஸ்ஸென்று ஆவி கிளம்பினால் துண்டுகள் அதிகமாகிவிட்டன. விட்ட சாற்றிலேயே வெந்து சாம்பல் நிறமாகும். உடனே பாதியை வெளியே எடுத்துவிட்டால் மீட்டுவிடலாம். திருப்பிப் போட்டு முக்கால் நிமிடம், பிறகு தட்டுக்கு மாற்றி, மீதிப் பாதியையும் அதேபோல். பச்சைக்கறி வைத்த தட்டிலேயே வெந்ததை வைக்க வேண்டாம்.

தீயைக் குறைத்து மீதி எண்ணெயில் சோம்பு, மிளகாய், நறுக்கிய வெங்காயம். வெங்காயம் விடும் ஈரத்திலேயே அடியில் பிடித்த பழுப்புப் பொருக்கு கரைந்துவிடும், கரண்டியால் சுரண்டிச் சேர்த்துக்கொள்ளுங்கள். வறுவலின் ருசி பெரும்பாலும் அங்கேதான் இருக்கிறது. நசுக்கிய இஞ்சி பூண்டு போட்டு வாசம் வந்ததும் காயும் உப்பும். மூன்று நிமிடம் திறந்தே வதக்கி, 50 மில்லி தண்ணீர் தெளித்து, மூடி ஆறு நிமிடம். இடையில் கரண்டி போடாமல் வாணலியைப் பிடித்துக் குலுக்கினால் போதும். காய் குழைவதற்குப் பெரும்பாலும் கரண்டிதான் காரணம். கத்தி முனை தடையில்லாமல் இறங்கி, தூக்கினால் துண்டு உடையாமல் வந்தால் சரியான பதம். ஓரங்கள் மழுங்கத் தொடங்கியிருந்தால் அதற்குமேல் ஒரு நிமிடம்கூட விடாதீர்கள்.

மூடியைத் திறந்து தண்ணீரை வற்றவிட்டு, கறியையும் தட்டில் தேங்கிய சாற்றையும் சேர்த்து ஒரு நிமிடம் பிரட்டுங்கள். முழுத்துண்டுக் கறிக்குப் பாதுகாப்பான உட்சூடு 63 டிகிரியும் மூன்று நிமிட ஓய்வும். இவ்வளவு மெல்லிய துண்டில் வெப்பமானி வேலைக்காகாது, தடித்த துண்டு ஒன்றை நறுக்கிப் பார்ப்பதே நல்லது. மிளகு இப்போதுதான், ஆரம்பத்திலேயே போட்டால் கருகிக் கசக்கும். எலுமிச்சைச் சாறு அடுப்பை அணைத்தபின். புளிப்பை முன்னாலேயே சேர்த்தால் காய் மெத்தென்று ஆகாமல் விறைத்தே நிற்கிறது. ஆனால் கொஞ்சம் இளங்காய் மாட்டிக்கொண்டால், அதே குணத்தை வைத்து சில சொட்டு சாறு முதலிலேயே விட்டுக் குழையாமல் காப்பாற்றலாம்.

கொத்துக்கறியிலும் செய்து பார்த்தாயிற்று. வெட்டும் வேலை இல்லாததால் இன்னும் சுருக்கம். அடைபோல் அழுத்திப் பரப்பி, மூன்று நிமிடம் விட்டு, அடி சிவந்தபின் உடைத்துவிட வேண்டும். இதற்கு உட்சூடு 71 டிகிரி எட்ட வேண்டும், எங்கும் இளஞ்சிவப்பு தெரியக்கூடாது.

மீந்ததை இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வைத்து, மூன்று நாளுக்குள் முடித்துவிடுங்கள். மறுநாள் வறுவலாகச் சூடுபண்ணினால் கறி விறைக்கும். காயை மட்டும் மசித்து, ஒரு டம்ளர் வெந்நீர் விட்டுக் கொதிக்கவைத்து, கறியைப் பொடியாக நறுக்கிக் கடைசியில் போட்டு ஆவி பறக்கச் சூடேற்றினால் கெட்டியான குழம்பாகிவிடும்.