தறிக்குடோனில் மைக் வைக்கும் முன்

சோமனூர், பல்லடம் பக்கம் ஆவணப்படம் எடுக்க வருகிறவர்கள் முதலில் தோற்பது சத்தத்திடம்தான். ஓடுகிற விசைத்தறிகளுக்கு நடுவே ஆளை நிறுத்திப் பேட்டி எடுத்தால், காலர் மைக் போட்டும் பயனில்லை. எடிட்டிங்கில் இரைச்சலைக் குறைத்தால் குரலும் தகரம் மாதிரி ஆகிவிடும். தறியைத் தனியாக எடுங்கள், பேச்சைத் திண்ணையில் எடுங்கள். கிளம்பும் முன் எல்லோரும் சும்மா இருக்க, அந்த இடத்தின் வெறும் ஒலியை ஒரு நிமிடம் பதியுங்கள்; வெட்டிய இடங்களை ஒட்டுவதற்கு அதுதான் கைகொடுக்கும். கரண்ட் போனதும் குடோன் சட்டென்று அடங்குமே, அதையும் விட்டுவிடாதீர்கள்.

குடோன் ட்யூப்லைட்டுக்கு நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 நொடி. நம்மூர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் 1/60 வைத்தால் படம் மினுக்கும்.

நொய்யல் ஆற்றுக்குப் போனால் நிறத்தை மட்டும் நம்பாதீர்கள். சாயத்தண்ணீர் வழக்கில் 2011 ஜனவரியில் உயர் நீதிமன்றம் திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடச் சொன்ன பிறகு, எந்தப் படத்தையும் பார்க்கிறவர் முதலில் கேட்பது “இது எப்போ எடுத்ததுங்க?” என்றுதான். டிடிஎஸ் மீட்டர், தண்ணீர், பின்னால் அடையாளம் தெரிகிற பாலம், மூன்றும் வெட்டில்லாத ஒரே ஷாட்டில் வர வேண்டும். மீட்டர் கரைந்த உப்பைத்தான் சொல்லும். சாயத்தையோ உலோகத்தையோ சொல்லாது. அதற்கு ஆய்வகம்தான். கரைந்த உப்பு குடிநீருக்கு லிட்டருக்கு 500 மில்லிகிராம், வெளியேற்றும் கழிவுநீருக்கு 2100 என்ற அளவுகளைக் குழப்பிக்கொண்டால், அந்த ஒரு தப்பை வைத்தே படம் முழுவதையும் தள்ளிவிடுவார்கள். அரசிடம் விவரம் கேட்கும் தகவல் உரிமை மனுவுக்குப் பத்து ரூபாய், பதிலுக்கு 30 நாள். ஆகவே ஷூட்டிங்குக்கு முன்பே போட்டுவிடுங்கள்.

பேசியவருக்குப் படம் முடிந்த பிறகும் அதே முதலாளியிடம்தான் வேலை. முகத்தை மங்கலாக்கினால் போதும் என்பது வெளியூர்க்காரர் கணக்கு. உள்ளூரில் குரல், நடை, சுவரின் பெயின்ட், வாசலில் கிடக்கும் செருப்பு எல்லாமே ஆளைக் காட்டிக்கொடுக்கும். கையை மட்டும் படம் எடுங்கள், குரலை வேறொருவர் பேசட்டும். எழுதிய சம்மதத்தை வாசித்துக் காட்டி, முதல் எடிட்டையும் அவருக்கே போட்டுக் காட்டுங்கள். “வேண்டாங்க” என்றால் நீக்கிவிடுங்கள்.

வருமானம்? பெரும்பாலும் கல்யாண வீடியோவும் தொண்டு நிறுவனப் படங்களும்தான். தொண்டு நிறுவன ஒப்பந்தத்தில், முடித்த படம் அவர்களுக்கு, எடிட் செய்யாத ஃபுட்டேஜ் உங்களுக்கு என்று ஒரு வரி இருக்கட்டும். அந்த வரி இல்லாவிட்டால், ஐந்து வருடம் கழித்து நீங்கள் எடுக்க நினைக்கும் படத்தின் பாதி வேறு யாரோ ஒருவரின் ஹார்ட் டிஸ்க்கில் கிடக்கும்.